சன்னல் திறக்கிற விமானம்

வீரமணி: செருப்புக்கு மட்டும் முக்கால் பக்கம் எழுதியிருக்காருண்ணே அந்தப் பேராசிரியரு.

செல்லமுத்து: எந்தச் செருப்புக்கு?

வீரமணி: நம்ம படத்துல வர்ற செருப்புக்குத்தான். ப்ளேன்ல ஏறுறதுக்கு முன்னாடி எல்லாரும் ஏணிக்குக் கீழ கழட்டிப் போட்டுட்டு, டோக்கன் வாங்கிக்கிட்டு ஏறுவாங்கள்ல... அது.

மலர்க்கொடி: தம்பிக்கு டீயா, மோரா?

வீரமணி: மோரே குடுங்க அண்ணி. அரியலூர்லேர்ந்து நின்னுக்கிட்டே வந்தேன், பஸ்ஸுல எள்ளு போட எடமில்ல. அண்ணே, படிக்கிறேன் கேளுங்க. 'பயணி தன் செருப்பைக் கழற்றும் கணத்தில் மண்ணையே கழற்றி வைக்கிறான். வேரறுந்த நவீன மனிதனின் முதல் நிர்வாணம் இது.'

செல்லமுத்து: செருப்பக் கழட்டுனா காலு சுடும். நிர்வாணம் எங்கேர்ந்து வந்துச்சு?

வீரமணி: அதத்தான் நானும் கேக்குறேன். நான் வேரையா காட்டுனேன்? நீங்க சொன்னதக் காட்டுனேன். 'அவ்வளவு வெல போட்டு வாங்குன ப்ளேனு, செருப்போட ஏற வுடுவானா வீரமணி'ன்னு கேட்டீங்க. நியாயமாப் பட்டுச்சு. எடுத்தேன்.

மலர்க்கொடி: படத்துக்கு ஏதோ பரிசுன்னு ஊருக்குள்ள பேசிக்கிட்டாங்களே.

வீரமணி: மொதப் பரிசு அண்ணி. அரியலூர் கொன்றைத் திரைப்பட வட்டத்துல. அந்தப் பேராசிரியருதான் நடுவரு. ஞாயித்துக்கெழமை சாயங்காலம் கல்யாண மண்டபத்துல தெரை கட்டிக் காட்டுறாங்க. பதினாலு நிமிசந்தான் படம், 'மேலே'ன்னு பேரு. குவைத்துக்குப் போற ஒருத்தன் ப்ளேன்ல ஏறுறான், உக்காருறான், எறங்குறான். வசனமே கெடையாது.

செல்லமுத்து: அப்ப சந்தோசந்தான. மூஞ்சிய ஏன் இப்புடி வச்சிருக்க?

வீரமணி: எதுக்குப் பரிசுன்னு கேளுங்க. 'சாதாரண விமானப் பயணத்தைக் கனவாக உருக்குலைத்துக் காட்டியமைக்காக.' நான் எங்கண்ணே உருக்குலைச்சேன்? சர்ரியலிசம்ங்கிறாரு.

மலர்க்கொடி: அது திட்டா தம்பி?

வீரமணி: என்னயப் பொறுத்தவரைக்கும் திட்டுத்தான் அண்ணி. நடக்காதத நடந்த மாதிரி காட்டுறதுக்கு அப்புடி ஒரு பேரு. நான் யாரு? கல்யாண வீடியோ எடுத்து நொந்துபோன ஆளு. பொண்ணையும் மாப்ளயையும் ரோசாப்பூக்குள்ள வுட்டு, மேகத்துல மெதக்க வுட்டு, அப்பன் ஆத்தா தலைய மாம்பழத்துக்குள்ள வச்சு... மிக்சிங் பண்ணிப் பண்ணியே கண்ணு போச்சு. அதுல வெறுத்துத்தான, இனிமே நடந்தத மட்டுந்தான் எடுப்பேன்னு சபதம் போட்டேன். என் கார்டுலயே 'யதார்த்த இயக்குநர்'னு அடிச்சிருக்கேன்.

செல்லமுத்து: அதுக்குக் கீழயே 'திருமணம், காதணி விழாக்களுக்கு அணுகவும்'னும் அடிச்சிருக்க.

வீரமணி: அது வயித்துக்கு.

மலர்க்கொடி: இந்தா மோரு. அப்பறம் என்னதான் எழுதியிருக்காரு?

வீரமணி: ஒரு சீன் வுடல அண்ணி. வாசல்ல ஏர்ஹோஸ்டஸ் பன்னீர் தெளிச்சு, சந்தனமும் கல்கண்டும் நீட்டும்ல... அதுக்கு, 'மணச் சடங்கும் மரணச் சடங்கும் கைகுலுக்கும் வாயில்.' பைலட்டு எறங்கி வந்து சக்கரத்துக்கு அடியில எலுமிச்சம்பழம் வைப்பாருல்ல... 'இயந்திரத்துக்கு இடப்படும் பலி.'

செல்லமுத்து: ஒரு டிராக்டரே எலுமிச்சம்பழம் வைக்காம நவுராது. கடலத் தாண்டுற வண்டி... வைக்காம எடுப்பானா?

வீரமணி: கேட்டா சிரிக்கிறாரு. 'உங்கள் அடக்கம் எனக்குப் பிடித்திருக்கிறது'ங்கிறாரு. எறையூர் ஆலையில சீசன் முடிஞ்சப்பறம் கெஞ்சிக் கூத்தாடி, கரும்பு போற பெல்ட்டுல பெட்டிங்கள வுட்டு எடுத்தமே, ஞாபகம் இருக்கா? பெட்டி போற எடத்துல பெட்டி போவுது, அவ்வளவுதான். 'மனிதனின் உடைமைகள் அரவைக்குச் செல்கின்றன'ன்னு எழுதியிருக்காரு.

செல்லமுத்து: ஆலைன்னா அரவைதான. அதுல ஒண்ணும் தப்பில்ல.

வீரமணி: நீங்க அவரு பக்கமா, என் பக்கமா?

செல்லமுத்து: நான் மோரு பக்கம்.

வீரமணி: பொம்பளைங்க எடது பக்கம், ஆம்பளைங்க வலது பக்கம் உக்காந்திருக்காங்களாம், அது 'பாலினப் பிளவு'. பஸ்ஸுல எப்புடி உக்காருவோம்? ஷெட்டுல ஓடாம நின்ன பழைய பஸ்ஸ ப்ளேனாக்கி எடுத்தோம், பின்ன எப்புடி உக்கார வைக்கிறது? கண்டக்டரு விசிலு ஊதுனதும் ப்ளேனு கெளம்புதாம், அது 'அதிகாரத்தின் மூச்சு'. நம்ம மதுரைவீரன்தான் கண்டக்டரா நடிச்சான். அவனுக்கு ஆஸ்துமா. மூச்சுன்னா அந்த மூச்சுதான்.

மலர்க்கொடி: பாவம், அவன் கிட்ட சொல்லிடாத. அதிகாரம்னு பேரு வாங்கிட்டான்னா வூட்டுல பொண்டாட்டி படுற பாடு...

வீரமணி: இதெல்லாம் கூடப் போவட்டும் அண்ணி. அந்தாளு எழுந்திரிச்சு நின்னு கை தட்டுனது காசு போடுற சீனுக்குத்தானாம். கடலு வந்துருச்சுன்னு கண்டக்டரு சொன்னதும், எல்லாரும் சன்னல ஏத்தி வுட்டு, கன்னத்துல போட்டுக்கிட்டு, ஆளுக்கு ஒரு காசு கீழ போடுவாங்கள்ல. 'ஆகாயத்தில் திறக்கும் சன்னல்... இந்தத் துணிச்சல் இம்மாவட்டத்தில் இதுவரை எவருக்கும் வாய்த்ததில்லை.'

செல்லமுத்து: கொள்ளிடம் பாலத்துல போடுறதில்லையா? ஒரு ஆத்துக்கே போடுறோம். அம்மாம்பெரிய கடலுக்குப் போடாமப் போனா மரியாதையா இருக்குமா?

வீரமணி: அப்புடிச் சொல்லுங்க. நான் தில்லிக்குப் பயிற்சிக்குப் போனப்ப, யமுனை வந்ததும் ப்ளேன்ல அத்தன பேரும் போட்டோம். நானே ஒரு ரூவா போட்டேன்.

மலர்க்கொடி: ப்ளேன்லேர்ந்தா தம்பி?

வீரமணி: ப்ளேன்லேர்ந்துதான் அண்ணி.

மலர்க்கொடி: ம்.

வீரமணி: என்ன ம்?

மலர்க்கொடி: ஒண்ணுமில்ல. மோருல உப்பு சரியா இருக்கான்னு பாத்தேன்.

வீரமணி: சரியாத்தான் இருக்கு. அண்ணே, இப்ப வந்த விசயத்துக்கு வரேன். ஞாயித்துக்கெழமை நீங்க மேடையேறணும்.

செல்லமுத்து: நானா? எதுக்கு?

வீரமணி: படம் முடிஞ்சதும் மைக்கு என் கையில. எந்திரிச்சு நின்னு சொல்லப்போறேன்... 'அவையோரே, கற்பனை என்பது சோம்பேறிகளின் தொழில். இப்படத்தில் கற்பனை ஒரு துளியும் இல்லை. இதோ சாட்சி. குவைத் மண்ணில் நாலாண்டு உழைத்துத் திரும்பிய வாலிகண்டபுரம் திரு. செல்லமுத்து அவர்கள்.' நீங்க வந்து 'எல்லாம் நடந்ததுதான்'னு ஒரு வார்த்தை சொன்னாப் போதும். பேராசிரியரு வாயி அடைச்சுப் போவும்.

செல்லமுத்து: எனக்கு முழங்காலு புடிச்சிக்கிட்டு இருக்குப்பா.

வீரமணி: மேடை ஒரு அடி ஒசரந்தான்.

செல்லமுத்து: ஞாயித்துக்கெழம கரும்புக்குத் தண்ணி கட்டணும்.

வீரமணி: அண்ணி கட்டுவாங்க.

மலர்க்கொடி: எனக்கும் முழங்காலு.

வீரமணி: என்ன ரெண்டு பேரும் சேந்து முழங்காலப் புடிச்சிக்கிட்டீங்க... நீங்க வராமப் போனா நல்லாருக்காதுண்ணே. செந்துறையிலேர்ந்து உங்க சம்பந்தி வூடு மொத்தமும் வருது.

மலர்க்கொடி: யாரு வர்றா?

வீரமணி: அண்ணாதுரை ஐயா, அவுங்க வூட்டம்மா, மாப்ள ராஜா. வேன் பேசிட்டாங்க. நேத்து நானே நேர்ல போயி அழைப்பு வச்சேன். 'உங்க வூட்டுக்கு வரப்போற சுகன்யாவோட அப்பா குவைத்து போன கதைதான் படம், ஒரு பொட்டு மாத்தல'ன்னேன். அவருக்கு ஒரே பெரும. முன் வரிசையில நாக்காலி போடச் சொல்லிட்டேன்.

செல்லமுத்து: அந்தப் பையன்... சிங்கப்பூர்லேர்ந்து லீவுல வந்திருக்கிற பையன்தான?

வீரமணி: ஆமாண்ணே. போவ வரன்னு ஏழெட்டுத் தடவை ப்ளேன் ஏறியிருப்பாராம். அனுபவஸ்தரு. அவருதான் ரசிச்சுப் பாப்பாரு.

மலர்க்கொடி: சன்னல் தொறக்குறத?

செல்லமுத்து: மலரு, சும்மா இரு.

மலர்க்கொடி: இவ்வளவு நேரம் சும்மாதான இருந்தேன். தம்பி, அடுத்த வெள்ளிக்கெழம எங்க சுகன்யாவுக்கு நிச்சயம். தெரியும்ல?

வீரமணி: தெரியும் அண்ணி. வீடியோ நான்தான.

மலர்க்கொடி: ஞாயித்துக்கெழம அவுங்க இந்தப் படத்தப் பாத்துட்டு, இவரு மேடையில ஏறி 'எல்லாம் நடந்தது'ன்னும் சொல்லிட்டாருன்னா, வெள்ளிக்கெழம உனக்கு வீடியோ எடுக்க ஒண்ணும் இருக்காது.

வீரமணி: ஏன் அண்ணி அப்புடிச் சொல்றீங்க?

மலர்க்கொடி: படத்துல 'நன்றி'ன்னு இவரு பேரு வருதாமே. மொதல்ல அத எடு. மேடைக்கும் கூப்புடாத.

வீரமணி: பேர எடுத்தா படத்துக்கு ஆதாரமே போச்சு. நான் அந்த ஒத்தப் பேர வச்சுத்தான் யதார்த்தம்னு மார்தட்டுறேன். காரணம் சொல்லாம எடுக்க முடியாது அண்ணி. என் கலை அது.

மலர்க்கொடி: சொல்லிடுங்க.

செல்லமுத்து: என்னன்னு சொல்றது?

மலர்க்கொடி: உங்க பங்க மட்டும் சொல்லுங்க. அது போதும்.

செல்லமுத்து: ...வீரமணி, நான் குவைத்துக்குப் போவலப்பா.

வீரமணி: பின்ன, துபாயா?

செல்லமுத்து: பம்பாயி. தாராவியில ஒரு இட்லிக் கடை. மாவாட்டுனேன், நாலு வருசமும்.

வீரமணி: பம்பாய்க்காவது ப்ளேன்ல...

செல்லமுத்து: ரயிலுப்பா. தாதர் எக்ஸ்பிரஸ். ஏரோப்ளேன நான் அண்ணாந்து பாத்ததோட சரி.

வீரமணி: அப்ப செருப்பு?

செல்லமுத்து: நீ டேப் ரெக்கார்டரத் தூக்கிக்கிட்டு வந்து எதிர உக்காந்துட்ட. ஏறும்போது என்ன பண்ணுவாங்கன்னு கேட்ட. எனக்கு என்ன தெரியும், கோயிலுக்குப் போறாப்புலதான இருக்கும்னு செருப்பச் சொல்லிட்டேன். சொல்லிட்டுப் பக்குன்னு இருந்துச்சு. நீ என்னடான்னா, 'கரெக்டுண்ணே, தில்லி ப்ளேன்லயும் அப்புடித்தான்'னுட்ட.

வீரமணி: நானா?

செல்லமுத்து: போயிட்டு வந்த ஆளே ஆமாங்கிறானேன்னு தைரியம் வந்துச்சு. பன்னீரச் சொன்னேன். அதுக்கும் 'ஆமாண்ணே'. எலுமிச்சம்பழத்துக்கும் 'ஆமாண்ணே'. சரி, நம்ம வாயில தன்னால உண்மையே வருது போலருக்குன்னு நெனச்சேன். காசு போடுறதச் சொல்லும்போதுதான், செத்தோம், இதுல மாட்டிக்குவோம்னு பயந்தேன். நீ யமுனையில ஒரு ரூவா போட்டேன்ன. எனக்கு உசுரு வந்துச்சு.

மலர்க்கொடி: தம்பி, தில்லிக்கு எதுல போன?

வீரமணி: அண்ணி, அது வந்து...

மலர்க்கொடி: எதுலன்னுதான கேட்டேன்.

வீரமணி: ஜி.டி. எக்ஸ்பிரஸ்.

செல்லமுத்து: அட கருமம் புடிச்சவனே.

வீரமணி: காசு போட்டது நெசம்ண்ணே. நர்மதைப் பாலத்துல. ஆறுதான் கொஞ்சம் மாறிப்போச்சு.

செல்லமுத்து: பயிற்சின்னியே, அதாவது உண்டா?

வீரமணி: உண்டு. ஒரு வாரம். கேமராவத் தொட வுடல. எட்டி நின்னு பாத்தோம்.

மலர்க்கொடி: ஆக, இவரு போயிருக்காருன்னு நீ நம்புன. நீ போயிருக்கன்னு இவரு நம்புனாரு. ரெண்டு பேருமாச் சேந்து ஒரு ப்ளேன ஓட்டிட்டு வந்துட்டீங்க.

வீரமணி: சிரிக்காதீங்க அண்ணி. என் யதார்த்தம் போச்சு. தினப் பேப்பர்காரன் கிட்ட வேற பேட்டி குடுத்துட்டேன், 'என் கேமராவுக்குப் பொய் சொல்லத் தெரியாது'ன்னு.

செல்லமுத்து: கேமரா எங்க பொய் சொல்லுச்சு? நாமதான சொன்னோம்.

வீரமணி: இதுக்கு நான் அந்த ரோசாப்பூ மிக்சிங்கையே பண்ணிக்கிட்டு இருந்திருக்கலாம்.

மலர்க்கொடி: நான் ஒண்ணு சொல்லவா? பரிசு எதுக்குக் குடுத்தாங்க? கனவாக் காட்டுனதுக்குத்தான. அப்ப வாங்கிக்கிட்டுக் கம்முனு வா. 'எல்லாம் என் மூளையில உதிச்சது, யாரு அனுபவமும் இல்ல'ன்னு மேடையில சொல்லிடு. பேராசிரியருக்கும் சந்தோசம். உனக்கும் சந்தோசம். இவரு பேரு வெளிய வராது.

வீரமணி: கொள்கைன்னு ஒண்ணு இருக்குல்ல அண்ணி?

மலர்க்கொடி: அது இருக்கட்டும். கேடயத்த வைக்க அலமாரி இருக்கா வூட்டுல?

வீரமணி: ...கேடயம் பெருசுன்னாங்க.

செல்லமுத்து: எவ்வளவு பெருசு?

வீரமணி: இடுப்பு ஒசரம். பித்தள. ...யோசிச்சுப் பாத்தா, அண்ணி சொல்றதுலயும் ஒரு நியாயம் இருக்கு. இந்தச் செருப்பு, காசு எல்லாம் உங்களுக்குத் தோணுச்சு, நான் சரின்னேன். அந்தச் சரின்னதுதான கலை. 'அவையோரே, யதார்த்தம் என்பது நொண்டிகளின் கைத்தடி. நான் அதை வெகு காலத்துக்கு முன்பே வீசி எறிந்துவிட்டேன்.'

செல்லமுத்து: வெகு காலம்னா, மோரு குடிக்கிறதுக்கு முன்னாடியா?

வீரமணி: கார்டையும் மாத்தி அடிச்சிடலாம். 'கனவு இயக்குநர்.'

மலர்க்கொடி: கீழ காதணி விழா இருக்கட்டும்.

வீரமணி: அது இருக்கும். சரி, இன்னைக்கே உக்காந்து படத்துல வர்ற நன்றிக் கார்டுல உங்க பேர வெட்டிடுறேன். அண்ணாதுரை ஐயா கேட்டா, 'வெளம்பரத்துக்காகச் சொன்னேன், படம் முழுக்க என் கனவு'ன்னு சமாளிச்சுக்கிறேன். போதுமா?

செல்லமுத்து: போதும்ப்பா. நல்லாருப்ப.

வீரமணி: ஆனா எனக்கு ஒண்ணுதான் வெளங்கல. பம்பாயில மாவாட்டுனது என்ன குத்தமாண்ணே? அண்ணாதுரை ஐயாவே வாலிபத்துல பெங்களூர்ல சித்தாளு வேல பாத்தவருதான். நேத்து அவர் வாயாலயே சொன்னாரு. 'ஒழைச்சுத் தின்ன வூடுன்னாப் போதும் தம்பி, அதுக்குத்தான் அங்க பொண்ணு எடுக்குறோம்'னாரு. அவருகிட்ட 'குவைத்தெல்லாம் இல்லைங்க'ன்னு நேராவே சொல்லிட்டா என்ன? நாளைக்கு மாப்ள குவைத்தப் பத்தி ஒரு கேள்வி கேட்டா, மறுபடி முழிக்க வேணாம்ல.

செல்லமுத்து: வேணாம் வீரமணி.

வீரமணி: நீங்க சொல்லக் கூச்சப்பட்டா நான் பக்குவமாச் சொல்றேன்.

செல்லமுத்து: வேணாம்னா வுட்டுடு.

வீரமணி: கவுரவம் பாக்குறீங்க.

செல்லமுத்து: எனக்கு என்னப்பா கவுரவம்? மாவாட்டுனவன்.

வீரமணி: அப்பறம் என்ன? ...இருங்க, இருங்க. ரெண்டாயிரத்துல நீங்க திரும்பி வந்தப்ப, குவைத்துக் கம்பளின்னு ஊரே வந்து தடவிப் பாத்துச்சு. நானும் தடவுனேன். அண்ணி கூட அப்பத்தான் திருப்பூர்ல பனியன் கம்பெனி வேலைய வுட்டுட்டு வந்திருந்தாங்க. அந்தக் கம்பளி பம்பாயில வாங்குனதா?

செல்லமுத்து: இல்ல. அது குவைத்துதான்.

வீரமணி: நீங்க போவாத ஊருலேர்ந்து உங்க வூட்டுக்குக் கம்பளி எப்புடிண்ணே வரும்?

செல்லமுத்து: ...மலரு.

மலர்க்கொடி: நானே சொல்றேன். இல்லாட்டி இவன் பக்குவமாச் சொல்றேன்னு செந்துறைக்குக் கெளம்பிடுவான். சுகன்யா பம்புசெட்டுக்குப் போயிருக்கா, அவ வர்றதுக்குள்ள கேட்டுக்க தம்பி. இவரு போவலன்னு சொன்னா, அப்ப யாரு போனதுன்னு கேப்பாங்க. ஏஜெண்டு இவருக்கு விசா இல்லன்னுட்டான், வூட்டு வேலைக்குப் பொம்பள ஆளா இருந்தா ஒடனே அனுப்புறேன்னான். ரெண்டு பேருமாத்தான் பம்பாயி வரைக்கும் போனோம். என்னைய ஏத்தி வுட்டுட்டு இவரு அங்கயே நின்னுக்கிட்டாரு, ஊருக்குத் திரும்புனா தெரிஞ்சு போவும்னு. அரபுக்காரன் வூட்டுல நாலு வருசம் கெடந்தவளோட பொண்ணுன்னா, செந்துறையிலேர்ந்து வேன் வருமா? என் மவளுக்கே நான் திருப்பூர்ல இருந்ததாத்தான் தெரியும். ப்ளேன்ல என் பக்கத்துல ஒருத்தி உக்காந்திருந்தா, கடப்பாக்காரி. ஏறுனதுலேர்ந்து அழுதுக்கிட்டே வந்தா. நானும் அழுதுக்கிட்டுத்தான் இருந்தேன். அவ என்னைய ஏன்னு கேக்கல, நானும் அவளக் கேக்கல. எறங்குனதும் ஆளுக்கொரு காரு நின்னுச்சு, ஏறிப் போயிட்டோம்.